மூன்றாம் தரம் சொன்ன பிறகு: அங்கீகாரத்துக்குக் காத்திருக்கும் ஏலமும் கேட்டவரின் உரிமையும்

"ஒருதரம், இரண்டுதரம், மூன்றுதரம்" என்று கூறி முடித்துவிட்டால் பொருள் கேட்டவருக்குச் சொந்தம் என்பது ஊர் வழக்கு. தனியார் ஒருவர் வீட்டுத் தளபாடங்களை ஏலம் போடும்போது அது சட்டமும்கூட. ஆனால் பிரதேச சபை தன் சந்தைக் குத்தகையை விடும்போது, பிரதேச செயலகம் கள்ளுத் தவறணைக்குக் கேள்வி கோரும்போது, நீதிமன்றக் கட்டளைப்படி பிஸ்கால் என்னும் நீதிமன்ற அலுவலர் காணி விற்கும்போது மூன்றாம் தரம் சொல்லி ஆனபின்னும் வேறொருவர் சம்மதிக்க வேண்டியிருக்கிறது. அவர் அந்த இடத்தில் நிற்பதில்லை. ஏதோ ஒரு கூட்டத்திலோ, கோப்பின் ஓரத்திலோ, சில வாரங்கள் கழித்து நீதிமன்ற மண்டபத்திலோ அந்தச் சம்மதம் வரும், வராமலும் போகும். அதுவரை கேட்டவரின் பணம் அங்கே கிடக்கும். அந்த இடைக்காலத்தில் சட்டத்தின் முன் அவர் யார் என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

இதைத் தெல்தெனியவிலிருந்து பார்ப்பதற்குக் காரணம் உண்டு. கண்டி–மஹியங்கனை வீதியில், விக்டோரியா நீர்த்தேக்கத்துக்கு மேலே இருக்கும் சிறிய நகரம் இது. பழைய தெல்தெனிய 1985 இல் நிறைவேறிய அந்த அணையின் நீருக்குள் போய்விட்டது. புதிய நகரம் அரசு திட்டமிட்டு மேட்டில் அமைத்தது. நீதிமன்றம், பிரதேச செயலகம், வங்கிகள் எல்லாம் கூப்பிடு தூரத்தில். காணியும் கடையும் குத்தகையும் கைமாறும்போது அரச கை ஏதோ ஒரு விதத்தில் குறுக்கே வரும் ஊர்களில் இதுவும் ஒன்று. இங்கே ஒருவர் ஒரே வருடத்தில் சந்தைக் குத்தகைக்கும், நீதிமன்றம் விற்கும் காணிக்கும், வங்கி ஏலம் போடும் வீட்டுக்கும் கேட்டார் என்று வைத்துக்கொள்வோம். மூன்றிலும் அவர் செய்தது ஒரே காரியம்தான். அவருக்குக் கிடைக்கும் உரிமையோ மூன்றிலும் வேறு வேறு.

மலைநாட்டுக்கு இது புதுக்கதை அல்ல. 1833 முதல் முடிக்குரிய காணிகளைப் பகிரங்க ஏலத்தில் விற்பது விதியாயிற்று. குறைந்தபட்ச விலை ஏக்கருக்கு 5 சிலிங். 1844 இல் அது 20 சிலிங் ஆனது. கோப்பித் தோட்டங்களுக்கான காடுகள் இப்படித்தான் கைமாறின. அதே நூற்றாண்டில் சாராயக் குத்தகையும் கச்சேரிகளில் ஏலம் போனது. குத்தகைக்காரர்கள் கூடிப் பேசி விலையைத் தாழ்த்துவது அரசாங்கத்தின் தீராத தலைவலி. அதனால்தான் உயர்ந்த கேள்வியையும் நிராகரிக்கும் அதிகாரத்தை அரசு விடாமல் தன் கையில் வைத்துக்கொண்டது. இன்றும் வர்த்தமானியில் தவறணைக் குத்தகை அறிவித்தல்கள் வருகின்றன. எந்தக் கேள்வியையும் காரணம் கூறாமல் நிராகரிக்கும் உரிமை தமக்குண்டு என்ற வரி அரச கேள்வி அறிவித்தல்களில் வழமையாகக் காணக்கிடைப்பது. கூட்டுச் சதிக்கு எதிராகப் பிறந்த அந்த வரி இன்று சோம்பலுக்கும் பாரபட்சத்துக்கும் சேர்த்தே குடை பிடிக்கிறது என்பது என் எண்ணம்.

ஏலத்தில் விலை கூறுவது ஒரு முன்மொழிவு மட்டுமே; ஏலக்காரர் சுத்தியலைத் தட்டும்வரை அதைத் திரும்பப் பெறலாம். இங்கிலாந்தில் 1789 இல் பெய்ன் எதிர் கேவ் வழக்கில் இது தீர்ந்தது. அந்த வழக்கில் ஏலம் போன பொருள் மது வடிக்கும் சாதனத்தின் சுருள் குழாய்! 40 பவுண் கேட்டவர் சுத்தியல் விழுமுன் மனம் மாறினார். அவருக்குப் பொறுப்பில்லை என்றது நீதிமன்றம். இலங்கையின் 1896 ஆம் ஆண்டு பொருள் விற்பனைக் கட்டளைச் சட்டமும் அசையும் பொருள்களுக்கு இதையே சொல்கிறது. மறுபக்கம், 1873 இல் ஹாரிஸ் எதிர் நிக்கர்சன் வழக்கில், விளம்பரத்தை நம்பிப் பயணம் செய்து வந்தவர் ஏலத்திலிருந்து பொருள் விலக்கப்பட்டதைக் கண்டு செலவைக் கேட்டார்; கிடைக்கவில்லை. ஏலம் நடக்கும் என்ற அறிவித்தல் வாக்குறுதி ஆகாது. ஆகவே கண்டியிலிருந்து பஸ் ஏறி வந்து, "இன்று ஏலம் இல்லை" என்ற காகிதத்தைக் கதவில் பார்ப்பவருக்கு ஒப்பந்தச் சட்டத்தில் பெரிய ஆறுதல் இல்லை.

அதிகாரியின் அங்கீகாரம் இதற்குள் நுழைந்ததும் சிக்கல் தொடங்குகிறது. சுத்தியல் விழுந்துவிட்டது, அங்கீகாரம் வரவில்லை. இது ஒப்பந்தமா, இல்லையா? இரண்டு விடைகள் சாத்தியம். ஒன்று, ஒப்பந்தம் பிறந்துவிட்டது, அங்கீகாரம் மறுக்கப்பட்டால் கலையும் என்பது. மற்றது, அங்கீகாரம் வரும்வரை ஒப்பந்தமே பிறக்கவில்லை என்பது. முதலாவது என்றால் கேட்டவர் பின்வாங்க முடியாது. இரண்டாவது என்றால் பின்வாங்கலாம். ஆனால் அவருக்கும் எந்தப் பிடியும் இல்லை.

இந்தக் கேள்வியைப் பலர் ஆங்கிலச் சட்டத்தின் பிரச்சினை என்றே நினைக்கிறார்கள். உரோமர்கள் அதை முன்னரே கேட்டிருக்கிறார்கள். குறித்த நாளுக்குள் இதைவிட நல்ல விலை வந்தால் விற்பனை நில்லாது என்ற நிபந்தனையோடு விற்பதற்கு அவர்கள் 'இன் டியெம் அடிக்தியோ' என்று பெயரிட்டார்கள். ஜஸ்டினியனின் டைஜெஸ்ட் தொகுப்பில் 18 ஆம் நூலின் இரண்டாம் தலைப்பு முழுவதும் அதைப் பற்றியதே. அங்கே ரோமச் சட்டவறிஞர் உல்பியன் சொல்வது, விற்பனை நிறைவேறிப் பின் கலைவதா, நிபந்தனையோடு காத்திருப்பதா என்பது தரப்பினரின் எண்ணத்தைப் பொறுத்தது என்பதுதான். அதாவது நிபந்தனைத் தாளை வாசி. ரோமன் டச்சுச் சட்டம் பொதுச் சட்டமாக இருக்கும் இலங்கையில் இந்த விடை வெறும் பழங்கதை அல்ல. கண்டியச் சட்டம் திருமணம், வாரிசுரிமை போன்றவற்றுக்குத்தான். தெல்தெனியவிலும் காணி ஒப்பந்தத்தை ஆள்வது ரோமன் டச்சுச் சட்டமே.

இந்திய நீதிமன்றங்கள் இரண்டாவது விடையின் பக்கம் உறுதியாக நின்றன. 1947 இல் வெளியான சோமசுந்தரம் பிள்ளை எதிர் மெட்ராஸ் மாகாண அரசாங்கம் என்ற தீர்ப்பு மதுக்கடை ஏலம் பற்றியது. மேலதிகாரி உறுதிப்படுத்தும்வரை ஏற்பு தற்காலிகமானது, அதற்குள் கேட்டவர் விலகலாம், விலகக்கூடாது என்று நிபந்தனைத் தாளில் எழுதியிருந்தாலும் அது அவரைக் கட்டாது என்றது மெட்ராஸ் உயர் நீதிமன்றம். 1969 இல் பீம் சென் வலாயதி ராம் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றமும் அதே வழியில் போயிற்று. தில்லியில் மதுக்கடை உரிமத்தை ஏலத்தில் கேட்டவர் கட்டவேண்டிய முற்பணத்தைக் கட்டவில்லை. தலைமை ஆணையர் உறுதிப்படுத்தவும் இல்லை. மறு ஏலத்தில் விலை குறைந்ததால் வித்தியாசத்தை அவரிடம் கேட்டது அரசு. உறுதிப்படுத்தல் இல்லை என்றால் ஒப்பந்தம் இல்லை, ஒப்பந்தம் இல்லை என்றால் நட்டமும் இல்லை என்று தீர்ந்தது. 1972 இல் பீகாரின் மூங்கில் காட்டு ஏலத்தைப் பற்றிய ஹரித்வார் சிங் வழக்கில் இதே விதி கேட்டவருக்கு எதிராகத் திரும்பியது. வன அதிகாரி ஏற்றுக்கொண்டாலும், அரசாங்கத்தின் ஒப்புதல் அவருக்கு எட்டாதவரை அவர் வெறும் கேள்விகாரர்தான்.

கத்திக்கு இரு பக்கமும் கூர். கேட்டவரைத் தப்பிக்கவிடும் விதியே அவரைக் கைவிடவும் செய்கிறது. இலங்கையில் வழக்காட வருவோர் இத்தீர்ப்புகளைத் தாராளமாக மேற்கோள் காட்டுவார்கள். ஆனால் ஓரிடத்தில் நிதானிக்க வேண்டும். மெட்ராஸ் தீர்ப்பில் 'விலகமாட்டேன்' என்ற வாக்குறுதி கட்டாது என்பதற்குச் சொன்ன காரணம், அதற்குப் பிரதிபலன் கிடைக்கவில்லை என்பது. பிரதிபலன் ஆங்கில வழிச் சட்டத்தின் கோட்பாடு. இலங்கையின் ரோமன் டச்சு மரபில் ஒப்பந்தத்துக்கு அது தேவையில்லை. நியாயமான, மனமறிந்த காரணம் இருந்தால் போதும். 1918 இல் ஜயவிக்ரம எதிர் அமரசூரிய வழக்கில் பிரிவிக் கவுன்சில் இதை ஐயமற நிறுவிவிட்டது. அப்படியானால், "கேள்வி திறந்த நாளிலிருந்து இத்தனை நாள்வரை விலைமனுவைத் திரும்பப் பெறமுடியாது" என்று பிரதேச சபையின் படிவத்தில் இருக்கும் வரி, மதுரையில் கட்டாதது, தெல்தெனியவில் கட்டக்கூடும். இந்தியத் தீர்ப்பை நம்பி நடுவில் விலகுபவர் கட்டுப்பணத்தை இழக்க வாய்ப்புண்டு. என் வாசிப்பில், இலங்கை நிலையை இந்திய நிலையிலிருந்து பிரிக்கும் முக்கிய இடம் இதுதான். போதிய கவனம் பெறாத இடமும் இதுவே.

நீதிமன்ற விற்பனை வேறு உலகம். அங்கே அங்கீகாரத்துக்கு நாள் உண்டு, நடைமுறை உண்டு, எதிர்ப்பதற்குக் காரணங்கள் எண்ணி எழுதப்பட்டிருக்கின்றன. 1889 ஆம் ஆண்டின் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின்படி, கேட்டவர் என்று அறிவிக்கப்பட்டவுடன் விலையில் 25 வீதத்தை அந்த இடத்திலேயே கட்டவேண்டும். கட்டாவிட்டால் காணி உடனே மறுபடியும் கூறப்படும். மிகுதிக்கு 30 நாள். விற்பனை அறிக்கை நீதிமன்றத்துக்கு வந்த பின் 30 நாளுக்குள், 282 ஆம் பிரிவின்படி விற்பனையைத் தள்ளிவைக்கும்படி கேட்கலாம். ஆனால் யார் கேட்கலாம்? தீர்ப்புப் பெற்றவர், காணி இழந்தவர், அக்காணியில் தனக்கு அக்கறை உண்டு என்று நிறுவுபவர். என்ன காட்டவேண்டும்? விளம்பரத்திலோ நடத்தியதிலோ பாரதூரமான ஒழுங்கீனம் இருந்தது என்றும், அதனால் கணிசமான நட்டம் வந்தது என்றும். இரண்டும் சேர்ந்தே இருக்க வேண்டும். விலை குறைந்துவிட்டது என்ற புலம்பல் மட்டும் போதாது. ஏலத்தில் தோற்றவர், "நான் இன்னும் கூடக் கேட்டிருப்பேன்" என்று பிறகு வந்து நின்றால், அந்தக் காணியில் அவருக்கு அக்கறை ஏதும் இல்லை.

உறுதிப்படுத்தலுக்கு முன் காணி யாருடையது என்பதற்கு 289 ஆம் பிரிவு தெளிவான விடை தருகிறது. தீர்ப்புக் கடனாளியின் உரித்து, நீதிமன்றம் உறுதிப்படுத்திப் பிஸ்கால் உறுதி எழுதிக் கொடுக்கும்வரை போவதில்லை. ஆனால் அந்த உறுதி எழுதப்பட்டவுடன், வாங்கியவருக்கு ஏலம் நடந்த நாளிலிருந்தே உரித்து இருந்ததாகக் கொள்ளப்படும். மிகவும் புத்திசாலித்தனமான ஏற்பாடு. இடைக்காலத்தில் கடனாளி அந்தக் காணியை வேறு யாருக்காவது எழுதி வைத்தாலும், பின்னோக்கிச் செல்லும் அந்த உறுதி அதை முந்திவிடும். உல்பியனின் கேள்விக்குச் சட்டமன்றமே எழுதி வைத்த விடை என்று இதைச் சொல்லலாம். காத்திருக்கும் விற்பனைதான், ஆனால் நிறைவேறினால் தொடக்கத்திலிருந்தே நிறைவேறியது. வாங்கியவருக்கு இன்னொரு பாதுகாப்பும் உண்டு. கடனாளிக்கு அந்தச் சொத்தில் விற்கத்தக்க உரித்தே இருக்கவில்லை என்று தெரியவந்தால், விற்பனையைத் தள்ளிவைக்கும்படி அவரே கேட்கலாம்.

பாகப்பிரிவினை வழக்கில் காணியைப் பிரிக்க முடியாமல் விற்கும்போது முதலில் பங்காளிகளுக்குள் ஏலம், அது பலிக்காவிட்டால் வெளியாருக்கு. கண்டிப் பக்கத்தில் துண்டு துண்டாக உடைந்த குடும்பக் காணிகள் ஏராளம் என்பதால் இந்த வகை அடிக்கடி நேர்வது. வெளியாராகக் கேட்பவர், பங்காளிகளுக்குள்ளேயே அது முடிந்துவிடலாம் என்பதை அறிந்துதான் போகவேண்டும்.

வங்கி ஏலத்தில் நீதிமன்றமே இல்லை. 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டப்படி, பணிப்பாளர் சபை தீர்மானம் நிறைவேற்றி, வர்த்தமானியிலும் மும்மொழி நாளிதழ்களிலும் அதை வெளியிட்டு ஏலம் போடும். தமிழ்ப் பத்திரிகைகளின் நடுப்பக்கத்தில் பொடி எழுத்தில் எல்லைகளும் பேர்ச்சும் நிறைந்து வரும் அறிவித்தல்கள் இவைதாம். இங்கே அங்கீகாரம் என்பது சபை கொடுக்கும் விற்பனைச் சான்றிதழ். 'பராட்டே' என்று எல்லோரும் அழைக்கும் இந்த முறை, சிறு வணிகர்களின் கூக்குரலால் 2024 இல் ஒரு திருத்தச் சட்டத்தின் மூலம் இடைநிறுத்தப்பட்டது; அந்த இடைநிறுத்தம் 2025 மார்ச் 31 வரை நீடித்தது. ஏலத்தில் கேட்கப் போகிறவர் இதிலிருந்து அறியவேண்டியது, கடன் பெற்றவரின் மனுவோ நாடாளுமன்றத்தின் சட்டமோ நடுவழியில் முழு நடைமுறையையும் நிறுத்திவிடலாம் என்பது.

ஒப்பந்தச் சட்டம் கைவிடும் இடத்தில் பொதுச் சட்டம் கை கொடுக்கிறது. அரச நிறுவனம் யாருக்குக் கொடுப்பது என்று தீர்மானிப்பது தனியார் வியாபாரியின் விருப்பம் போன்றதல்ல. அரசியலமைப்பின் 12(1) ஆம் உறுப்புரையின் சமத்துவம் அதற்கும் பொருந்தும். ஆகவே உயர்ந்த விலை கேட்டவருக்கு அந்தக் குத்தகையில் உரிமை இல்லை. ஆனால் அவர் கேள்வி மற்றவர்களுடையதைப்போல் அதே அளவுகோலால் அளக்கப்படவேண்டும் என்ற உரிமை உண்டு. இந்திய உச்ச நீதிமன்றம் 1979 இல் ரமணா தயாராம் ஷெட்டி வழக்கில் சொன்னது, தகுதி நிபந்தனையை விளம்பரத்தில் போட்டுவிட்டுப் பின் ஒருவருக்காகத் தளர்த்தக்கூடாது என்று. அத்தகுதி இல்லை என்று விலகி நின்றவர்களும் கேட்டிருப்பார்களே என்பதுதான் அதன் நியாயம்.

இங்கிலாந்தின் பிளாக்பூல் விமானக் கழக வழக்கு இங்கே உள்ள பிரதேச சபைகளுக்கு எழுதியது போலவே இருக்கும். நகரசபை தன் விமான நிலையத்திலிருந்து உல்லாசப் பறப்பு நடத்தும் உரிமைக்குக் கேள்வி கோரியது. முடிவு நேரம் 1983 மார்ச் 17 நண்பகல். கழகத்தினர் காலை 11 மணிக்கே கடித உறையைச் சபையின் தபால் பெட்டியில் போட்டார்கள். ஊழியர் நண்பகலில் பெட்டியைத் திறக்க மறந்துவிட்டார். மறுநாள் உறை வெளியே வந்தது, பிந்தி வந்தது என்று முத்திரை விழுந்தது, பார்க்காமலே ஒதுக்கப்பட்டது. 1990 இல் மேன்முறையீட்டு நீதிமன்றம், நேரத்துக்கு வந்த கேள்வியைப் பார்க்கவேண்டும் என்பது சபையின் ஒப்பந்தக் கடமையே என்றது. கொடுக்கவேண்டும் என்றில்லை; பார்க்கவேண்டும். கேள்விப்பெட்டியின் பூட்டு, திறக்கும் நேரம், அதைப் பார்த்துக்கொண்டு நிற்கக் கேட்டவர்களுக்கு இருக்கும் இடம் ஆகிய சில்லறை விவரங்கள்தாம் நடைமுறையில் உரிமையின் உடம்பு. உறைகளை எல்லோர் முன்னிலும் திறந்து, தொகையை உரத்து வாசித்து, பதிவேட்டில் அங்கேயே ஒப்பம் வாங்கினால் பிற்பாடு எழும் வழக்குகளில் பாதி எழாது.

தெல்தெனியவில் ஒருவர் வழக்குப் போடப் போனால் எங்கே போவார்? பிரதேச சபையின் முடிவு என்றால் கண்டி மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்கலாம். உள்ளூராட்சி மாகாண நிரலில் இருப்பதால் 154P(4) உறுப்புரை அதற்கு இடம் தருகிறது. தவறணைக் குத்தகையில் பிரதேச செயலாளரின் முடிவு மத்திய அரசின் மதுவரியோடு ஒட்டியது. அதற்குக் கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றம். அரச காணி என்றால் 2013 செப்டெம்பரில் ஸ்டாஃபர்ட் தோட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் மாகாண நீதிமன்றத்தின் கதவைப் பெருமளவு சாத்திவிட்டது. அடிப்படை உரிமை மனுவோ உச்ச நீதிமன்றத்துக்கு, அதுவும் ஒரு மாதத்துக்குள். அந்த ஒரு மாதம்தான் பலரை வீழ்த்துகிறது. "அங்கீகாரம் இன்னும் வரவில்லை, பொறுங்கள்" என்று சொல்லிக்கொண்டே இருப்பார்கள், இவரும் பொறுப்பார், வேறொருவருக்குக் கொடுத்தாயிற்று என்று தெரியவரும்போது நாள் கணக்கே சண்டையாகிவிடும். மனித உரிமைகள் ஆணைக்குழுவில் அந்த மாதத்துக்குள் முறையிட்டால், விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது என்று 1996 ஆம் ஆண்டின் சட்டம் சொல்கிறது. சிறு கேள்விகாரருக்கு மிகப் பயன்படும் விதி இது.

உயர்ந்த கேள்வியை நிராகரிக்க நல்ல காரணங்களும் உண்டு என்பதை மறக்கக்கூடாது. கூட்டுச் சதி, தாழ்ந்த விலை, பழைய பாக்கி. ஆனால் ஏலம் முடிந்தபின் யாரோ ஒருவர் ஆயிரம் ரூபாய் கூட்டித் தருகிறேன் என்று வந்தால் அதுவும் நல்ல காரணமா? 2008 இல் வால்ஜி கிம்ஜி வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம், மோசடி இல்லாதபோது முடிந்த ஏலத்தை இப்படிக் கிளறினால் எந்த ஏலமும் முடியாது என்றது. உறுதிப்படுத்தல் வேண்டிய ஏலத்தையும் வேண்டாத ஏலத்தையும் அத்தீர்ப்பு பிரித்தே பார்த்தது. ஆனாலும் அதன் நியாயம் இரண்டுக்கும் ஓரளவு பொருந்தும். பின்கதவால் வருபவருக்குக் காது கொடுக்கும் அதிகாரி, அடுத்த தடவை முன்கதவால் யாரும் வராமல் செய்துவிடுகிறார்.

அங்கீகாரம் கிடைத்தபின்கூட நிம்மதி முழுமையல்ல. 2003 இல் விற்கப்பட்ட இலங்கைக் காப்புறுதிக் கூட்டுத்தாபனத்தின் விற்பனையை உச்ச நீதிமன்றம் 2009 இல் இரத்துச் செய்தது. அதற்கு முந்திய வருடம் லங்கா மரைன் சேர்விசஸ் விற்பனையும் அவ்வாறே போனது. அங்கீகரித்தவருக்கு அங்கீகரிக்கும் அதிகாரம் முறையாக இருந்ததா என்பது வாங்குபவரும் கேட்கவேண்டிய கேள்வி. சிறிய அளவில் இதே கேள்வி உள்ளூராட்சியிலும் எழுந்தது. 2023 மார்ச்சில் சபைகளின் காலம் முடிந்து, 2025 மே மாதத் தேர்தல்வரை தவிசாளரும் உறுப்பினரும் இல்லாமல் செயலாளர்களே சபைகளை நடத்தினார்கள். அந்தக் காலத்தில் குத்தகை எடுத்தவர், தனக்கு ஒப்பமிட்டவர் எந்த அதிகாரத்தின்கீழ் ஒப்பமிட்டார் என்பதைப் பத்திரத்தில் எழுதி வாங்கியிருந்தால் நல்லது.

இவ்வளவும் பார்த்தபின் பெரிய ஓட்டையாக எனக்குத் தெரிவது உரித்தோ விலகும் சுதந்திரமோ அல்ல, நாள். நீதிமன்ற விற்பனையில் 30 நாள் என்ற கணக்கு இருக்கிறது. நிர்வாக ஏலத்தில் கேட்டவர் பணம் கட்டவேண்டிய நாள் கொட்டை எழுத்தில் இருக்கும். அதிகாரி முடிவு சொல்லவேண்டிய நாளை எங்கும் காணமுடியாது. 2016 ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி கோப்பின் நிலையைக் கேட்டால், தகவல் அதிகாரி 14 வேலை நாளுக்குள் தீர்மானம் சொல்லியாகவேண்டும். இன்றைக்கு ஒரு கேள்விகாரர் கையில் உள்ள மலிவான கருவி அதுதான். அந்தப் பதில் கடிதத்தின் திகதி, பிற்பாடு ஒரு மாதக் கணக்கைத் தொடங்கவும் உதவும். பிரதேச சபை விரும்பினால் இந்த ஓட்டையை அடைக்கப் புதிய சட்டம் எதுவும் தேவையில்லை: கேள்வி திறந்து இத்தனை நாளுக்குள் முடிவு அறிவிக்கப்படும், இல்லையேல் கேட்டவர் விலகலாம், கட்டுப்பணம் இத்தனை நாளுக்குள் திரும்பும், நிராகரித்தால் காரணம் எழுத்தில் தரப்படும் என்று நிபந்தனைத் தாளில் சேர்த்துவிடலாம். அதற்குச் சபைத் தீர்மானம் ஒன்றே போதும்.